கீழ்முந்திரியளவு நஞ்சு

(காட்பாடியில் தமிழன்பர் கூட்டமொன்றில் ஆற்றப்பெற்ற உரை)



காட்பாடி தமிழுக்குப் புதிய ஊரன்று. மொழிஞாயிறு தேவநேயப் பாவாணர் அண்ணாமலைப் பல்கலைக்கழகப் பணியினின்று நீங்கியபின் குடியிருந்து எழுதிய ஊர் இது. தமிழே உலக முதற்செம்மொழி என நாட்டும் தம் ஆங்கில நூலை அவர் 1966-இல் இக் காட்பாடி விரிவிலிருந்தே, தம் துணைவியார் பெயர் தாங்கிய நேசமணி பதிப்பகத்தின் வழி வெளியிட்டார். 1974-இல் செந்தமிழ்ச் சொற்பிறப்பியல் அகரமுதலித் திட்டத்திற்கு இயக்குநராக அமர்த்தப்பெறும் முன்னர், வறுமைக்கும் தனிமைக்கும் இடையே சொல்லின் வேரைத் தோண்டிக்கொண்டிருந்த அறிஞரின் மேசை இவ்வூரில்தான் இருந்தது.

அத்தகைய ஊரில் இன்று எடுத்துக்கொண்ட பொருள் சொல்லாராய்ச்சி அன்று, வளிக்கணக்கு. ஒரு கலத்திலோ குழியிலோ பல வளிகள் கலந்து நிற்கையில், அவற்றுள் ஒவ்வொன்றும் தன் பங்கிற்கு எவ்வளவு அழுத்தம் தருகின்றது என்று கணித்தறியும் கணக்கு. பதினொன்றாம் வகுப்பு மாணவன் தேர்வுக்காக நெட்டுருச் செய்து, தேர்வு முடிந்த மறுநாளே மறந்துவிடுவது. ஆயின் இராணிப்பேட்டை, மேல்விசாரம், பேரணாம்பட்டு, ஆம்பூர், வாணியம்பாடி என்று பாலாற்றுப் பக்கமெல்லாம் தோல் பதனிடும் ஊர்களில் வாழும் தமிழனுக்கு இது தேர்வுக்கணக்கன்று. அவன் கழிவுக்குழியில் இறங்கினால் ஏறி வருவானா மாட்டானா என்பதைச் சொல்லும் கணக்கு இது. அக் கணக்கு எம்மொழியில் அவனை எட்டவேண்டும் என்பதே இவ்வுரையின் கேள்வி.

முதலிற் கலப்பு என்பது யாது என்று காண்போர்க்குத் தொல்காப்பியமே வழிகாட்டும். ஐம்பூதமும் கலந்த கலப்பைத் தொல்காப்பியர் ‘மயக்கம்’ என்னும் ஒரே சொல்லாற் சுட்டினார். அச் சொல்லையே எழுத்திலக்கணத்திலும் ஆண்டார். மெய்ம்மயக்கத்தில் இரு மெய்கள் அடுத்தடுத்து நிற்கும்; ஆயின் ஒன்று மற்றொன்றாக மாறிவிடுவதில்லை. ‘வண்டு’ என்னும் சொல்லில் ணகரம் ணகரமாகவே ஒலிக்கின்றது. டகரம் டகரமாகவே ஒலிக்கின்றது. ‘கல்’லும் ‘பாறை’யும் புணர்ந்து ‘கற்பாறை’ ஆகும்போதோ லகரம் றகரமாகத் திரிந்துவிடுகின்றது. வேதியியலார் கலவை என்றும் சேர்மம் என்றும் வேறுபடுத்துவது இவ் வேறுபாட்டையே ஒக்கும். காற்று என்பது மயக்கம். தண்ணீர் என்பது திரிபுப் புணர்ச்சி. தமிழிலக்கணம் கற்ற மாணவனுக்கு இதை விளக்க வேற்றுமொழிச் சொல் ஒன்றும் வேண்டியதில்லை.

மயங்கி நிற்கும் வளிகள் ஒவ்வொன்றும், மற்றவை அங்கு இல்லாதது போலவே, தன் போக்கில் கலத்தின் சுவரை அழுத்துகின்றன. இதை 1801-இல் மாஞ்செசுட்டர் நகர அறிஞர் அவையில் எடுத்துரைத்தவர் ஆங்கிலேயராகிய தாற்றன். ஈழத்துப் பாடநூல்கள் தாற்றன் என்று தமிழியல்புக்கேற்ப எழுதும் இவரையே இங்குள்ள நூல்கள் டால்டன் என்று எழுதுகின்றன. இவர் கைத்தறி நெசவாளி ஒருவரின் மகன். 1787-இல் தொடங்கிய வானிலைக் குறிப்பை 1844-இல் இறக்கும்வரை விடாது எழுதியவர். ஈரக்காற்றில் நீராவியின் பங்கு யாதென்று பார்க்கப் போய், அணுக்கொள்கை வரைக்கும் சென்றார். மழையையும் வெயிலையும் நாடோறும் குறித்துவைத்த ஒரு நாட்டுப்புற ஆசிரியனின் விடாமுயற்சிதான் இவ்வளவுக்கும் வேர்.

அவர் கண்ட நெறி எளிது. மொத்த அழுத்தம் என்பது தனித்தனி அழுத்தங்களின் கூட்டுத்தொகை. ஒரு வளியின் தனியழுத்தம் வேண்டுமாயின், மொத்த அழுத்தத்தை அவ்வளியின் பங்கினாற் பெருக்கினாற் போதும். வளிகள் தம்முட் கூடி வேறு பொருளாகத் திரியாதிருக்கும் வரையில் இது பொருந்தும்.

காட்பாடியையே எடுத்துக்கொண்டு கணக்கிடலாம். கடல்மட்டத்தில் காற்றின் அழுத்தம் 760 மி.மீ. இதள், இதள் என்பது பாதரசம் என வழங்கும் நீர்மத்திற்குரிய தமிழ்ப்பெயர். காட்பாடி கடல்மட்டத்திற்கு ஏறத்தாழ 200 மீட்டருக்குச் சற்று மேலே கிடப்பதால், இங்கு அழுத்தம் சுமார் 740 மி.மீ. உலர்ந்த காற்றில் நூற்றுக்கு 78 பங்கு நைட்டிரசன் எனப்படும் வெடியவளி. 21 பங்கு உயிர்வளி. எஞ்சிய ஒரு பங்கில் ஆர்கானும், மிகச் சிறிதளவு கரிவளியும் அடங்கும். 740-ஐ 0.21-ஆற் பெருக்கினால் உயிர்வளியின் தனியழுத்தம் 155 மி.மீ.; 0.78-ஆற் பெருக்கினால் வெடியவளியின் தனியழுத்தம் 577 மி.மீ.; மற்றவற்றுக்கெல்லாம் சேர்த்து 7 அல்லது 8 மி.மீ. கூட்டிப் பார்த்தால் 740 வந்துவிடும்.

ஈண்டு ஓர் இடைப்பேச்சு. நூற்றுக்கு 21 என்பதைத் திண்ணைப் பள்ளியில் எண்சுவடி படித்த பாட்டன் எப்படிச் சொல்லியிருப்பான்? மா என்பது இருபதில் ஒன்று. காணி என்பது எண்பதில் ஒன்று. நாலுமாவும் ஒரு காணியும் சேர்ந்தால் நூற்றுக்கு 21¼. ஆகவே ‘காற்றில் உயிர்வளி நாலுமாக் காணி’ என்று அவன் ஒரே மூச்சிற் சொல்லி முடித்திருப்பான். கால் விழுக்காடுதான் மிகை. பின்னத்தைப் புள்ளியிட்டு எழுதும் முறை வந்தபின் இச் சொற்கள் பயன்படா என்று ஒதுக்கியோர் பலர். இவற்றுள் ஒரு சொல் இன்றைக்கும் உயிர் காக்கும் என்பது பின்னர் விளங்கும்.

பங்கு மட்டும் தெரிந்தாற் போதாதா, அழுத்தம் எதற்கு என்று வினவலாம். இதற்கு விடை ஏலகிரியில் இருக்கின்றது. சோலையார்ப்பேட்டைக்கு அருகில் எழும் அம்மலை ஏறத்தாழ 1,100 மீட்டர் உயரமுடையது. அங்கும் உயிர்வளி நூற்றுக்கு 21 பங்குதான். ஆனால் மொத்த அழுத்தம் 665 மி.மீ. அளவிற்குக் குறைந்துவிடுவதால், உயிர்வளியின் தனியழுத்தம் 140 ஆகிவிடுகின்றது. மூச்சுக்குழலில் நுழைந்தவுடன் காற்று ஈரமாகும். உடற்சூட்டில் நீராவியின் தனியழுத்தம் 47 மி.மீ. அதைக் கழித்துப் பார்த்தால் காட்பாடியில் மூச்சுக்குழலிலுள்ள உயிர்வளியின் அழுத்தம் 145, ஏலகிரியில் 130. மலையேறியவன் சற்று வேகமாக மூச்சு வாங்குவதன் கரணியம் இதுவே. உடல் விழுக்காட்டை அறியாது, அழுத்தத்தையே அறியும். 1875 ஏப்பிரல் 15 அன்று பிரான்சு நாட்டார் மூவர் வளிக்கூண்டில் 8,000 மீட்டருக்கு மேல் உயர்ந்தனர். அவ்வுயரத்திலும் உயிர்வளி நூற்றுக்கு 21-தான். ஆனால் அதன் தனியழுத்தம் 56 மி.மீ. அளவிற்கு இறங்கிவிட்டது. மூவருள் இருவர் பிணமாகவே மண்ணுக்கு மீண்டனர். வளி உடலைத் தாக்குவது அதன் தனியழுத்தத்தைப் பொறுத்தது என்று ஆய்ந்து காட்டிய பால் பெர்ட்டு என்பாரின் பெருநூல் 1878-இல் வெளிவந்தது. வேலூர்க் கிறித்தவ மருத்துவக் கல்லூரி மருத்துவமனை போன்ற இடங்களில் நோயாளியின் நாடிக்குருதியை எடுத்து ஆயும்போது மருத்துவர் பார்க்கும் எண்ணும் இத்தனியழுத்தமே. உயிர்வளிக்கு 80 முதல் 100 மி.மீ. வரை, கரிவளிக்கு 35 முதல் 45 வரை. அந்த எண்ணின் பொருளை நோயாளியின் மனைவிக்குத் தமிழில் எடுத்துரைக்கும் மருத்துவர் எத்தனை பேர் என்பது வேறொரு கூட்டத்திற் பேசவேண்டிய செய்தி.

மாணவர் வழுக்கி விழும் இடம் ஒன்றுண்டு. அதையும் சொல்லிவிடல் நலம். பங்கு என்பது எடைப்பங்கு அன்று, மூலக்கூறுகளின் எண்ணிக்கைப் பங்கு. ஒரு கலத்தில் 32 கிராம் உயிர்வளியும் 84 கிராம் வெடியவளியும் அடைபட்டிருக்கின்றன. மொத்த அழுத்தம் 4 வளிமண்டலம் எனக் கொள்க. உயிர்வளி 32 கிராம் என்பது ஒரு மோல். வெடியவளி 28 கிராமுக்கு ஒரு மோலாதலின் 84 கிராம் மூன்று மோல். ஆகவே தனியழுத்தம் முறையே ஒன்றும் மூன்றும். எடையைக் கொண்டு வகுத்தவனுக்கு உயிர்வளியின் அழுத்தம் 1.1 என்று வரும், அது பிழை. ஊர்ப்பந்தியில் இலை போடுபவன் வந்தோரின் தலையை எண்ணுகிறானேயன்றி உடலை நிறுத்துப் பார்ப்பதில்லை. வளியும் அவ்வாறே.

இனிக் குழிக்கு வருவோம்.

முன்னாளில் இவ்வட்டாரத்துத் தோல் ஆவாரம்பட்டையாலும் கடுக்காயாலும் பதப்பட்டது. அத்தொழிலிலும் நாற்றம் உண்டு. இன்றைய நஞ்சு இல்லை. இன்று தோலின் மயிரைக் களையச் சுண்ணாம்புடன் சோடியம் சல்பைடு என்னும் கந்தக உப்பைச் சேர்க்கின்றனர். பின்னர்க் குரோமியத்தில் இடுவதற்கு முன்னர்க் காடியிலும் உப்பிலும் ஊறவைக்கின்றனர். காடி என்றது கந்தக அமிலத்தை. சுண்ணாம்புக் கழிவுநீரும் காடிக் கழிவுநீரும் தனித்தனியே ஓடும்வரை தீங்கில்லை. இரண்டும் ஒரே வாய்க்காலில், ஒரே குழியிற் சேர்ந்தால் ஐதரசன் சல்பைடு என்னும் கந்தக நச்சுவளி கிளம்பும். சேராவிட்டாலுங்கூட, உப்பு மிகுந்த தோற்கழிவுச் சேறு காற்றுப்படாது நாட்கணக்கிற் கிடந்தால், அதிலுள்ள நுண்ணுயிர்களே அவ்வளியை ஆக்கிவிடும். அது காற்றினும் சற்றுக் கனமானது. மூடிய குழியின் அடியில் தங்கும். சேற்றிற் கரைந்தும் கிடக்கும். மேலிருந்து பார்ப்பவனுக்கு ஒன்றும் தெரியாது. இறங்கியவன் சேற்றைக் காலால் மிதித்தவுடன் குமிழியிட்டு எழும்.

கிணறு வெட்டுவோர் தொன்றுதொட்டு ஒரு வழக்கம் வைத்திருந்தனர். பாழ்ங்கிணற்றில் இறங்குமுன் கயிற்றில் விளக்கைக் கட்டி இறக்குவர். விளக்கு அணைந்தால் இறங்கார், எரிந்தால் இறங்குவர். இது மூடப்பழக்கம் அன்று, நல்ல அறிவியல். கரிவளி அடைந்து உயிர்வளி நூற்றுக்கு 16 அளவிற்குத் தாழ்ந்தால் சுடர் அவிந்துவிடும். மாந்தன் அவ்வளவில் தள்ளாடுவானேனும் மேலேறிவிடக் காலம் இருக்கும். விளக்கு மாந்தனுக்கு முந்திச் சாகும், அதனாற் காவலாயிற்று.

அதே விளக்கைத் தோற்கழிவுக் குழியில் இறக்கினால் என்ன நேரும்? இங்குத்தான் தாற்றனின் கணக்குத் தன் உருவைக் காட்டுகின்றது. குழியிற் கந்தக நச்சுவளி பத்திலக்கத்தில் ஆயிரம் பங்கு, அதாவது ஆயிரத்தில் ஒரு பங்கு, கலந்துவிட்டது எனக் கொள்க. மொத்த அழுத்தம் 740. நச்சுவளியின் தனியழுத்தம் 0.74 மி.மீ. எஞ்சிய 739.26-இல் உயிர்வளி 0.21 பங்கு, தனியழுத்தம் 155.24. நஞ்சு கலக்குமுன் இருந்தது 155.40. குறைவு 0.16 மி.மீ.! இக் குறைவை எந்த விளக்கு அறியும்? சுடர் அசையாது எரியும். ‘விளக்கு எரிகிறது, இறங்கலாம்’ என்று மேலிருப்பவன் சொல்வான். ஆயிரத்தில் ஒரு பங்கு நச்சுவளியோ, ஓரிரு மூச்சிலேயே மாந்தனை வீழ்த்தி மூச்சை நிறுத்தக்கூடியது. உயிர்வளி நிறைந்த இடத்திலேயே உயிர் போகும். பத்துக் கனமீட்டர்க் குழியில் அவ்வளவை உண்டாக்க வேண்டிய நச்சுவளி பத்து இலிட்டர்தான். இடுப்பில் எடுக்கும் ஒரு குடத்தளவு. போதாக்குறைக்கு, அவ்வளி நூற்றுக்கு நான்கு பங்கிற்கு மேல் மிகுந்தால் தீப்பற்றி வெடிக்கவும் கூடும். எனவே கிணற்றிற்குக் காவலாக இருந்த விளக்கு இக் குழிக்குக் கூற்றாகிவிடுகின்றது.

மூக்கு காட்டிக்கொடுக்காதா? அழுகிய முட்டை நாற்றம் பத்திலக்கத்தில் ஒரு பங்கு இருக்கும்போதே மூக்கில் ஏறும். ஆயின் நூறு பங்கைத் தாண்டும்போது மோப்ப நரம்பு சில மணித்துளிகளில் மரத்துப்போகும். நாற்றம் நின்றுவிட்டது, நஞ்சு போய்விட்டது என்று அவன் எண்ணுகின்ற அந்நொடிதான் நஞ்சு மிகுந்த நொடி.

1948-ஆம் ஆண்டுத் தொழிற்சாலைச் சட்டத்திற் பின்னர்ச் சேர்க்கப்பெற்ற இரண்டாம் அட்டவணை, எட்டு மணிநேர வேலைக்கு இந்நச்சுவளியின் எல்லையைப் பத்திலக்கத்திற் பத்துப் பங்கு என்று வகுத்தது. இவ்வளவு நுண்ணிய பின்னத்தைத் தொழிலாளிக்கு எப்படிச் சொல்வது என்று ஆங்கிலம் படித்தோர் தயங்குவர். தமிழெண்ணில் முந்திரி என்பது முந்நூற்றிருபதில் ஒன்று. முந்திரியின் முந்நூற்றிருபதில் ஒரு பங்கு கீழ்முந்திரி. 320-ஐ 320-ஆற் பெருக்கினால் 1,02,400. நூறாயிரத்தின் மேல் இரண்டாயிரத்து நானூறில் ஒரு பங்கு; பத்திலக்கத்தில் 9.8 பங்கு. சட்டம் வகுத்த எல்லைக்கு ஒரே சொல் தமிழில் முன்னரே இருந்தது: கீழ்முந்திரி. ‘ஒரு கீழ்முந்திரி வரை பொறுக்கலாம், நூறு கீழ்முந்திரி உயிர் குடிக்கும்’ என்று சொன்னால், ஓர் அடி நீளத் தொடரின் வேலையை இரண்டு சொல் செய்துவிடுகின்றன. எண்சுவடியை எழுதியவன் நச்சுவளியை எண்ணி எழுதவில்லை என்பது மெய்யே. நுண்மையை அளக்கும் பழக்கம் அவனுக்கு இருந்தது. அதனாற் சொல்லும் இருந்தது.

அச் சட்டத்தின் 36-ஆம் பிரிவு மூடிய குழிகளைப் பற்றியது. தக்கவன் ஒருவன் தானே ஆய்ந்து, இறங்கத் தகும் என்று எழுத்தாற் சான்றளித்தபின் இறங்கலாம். அன்றேல் மூச்சுக்கருவி அணிந்து, இடுப்பிற் கச்சை கட்டி, அக் கச்சையிற் பிணித்த கயிற்றின் மறுமுனையை வெளியே நிற்பவன் பிடித்திருக்க இறங்கலாம். இவ்வளவும் 1948 முதல் எழுத்தில் இருந்தது. பிறகும் குழிச்சாவு நின்றபாடில்லை. ஒருவன் விழுவான், அவனைத் தூக்க இரண்டாமவன் வெறுமூச்சோடு இறங்குவான், இரண்டாமவனுக்காக மூன்றாமவன். இறப்போர் பெரும்பாலும் ஒடுக்கப்பட்ட மக்கள். கூலி மிகுதியாகக் கிடைக்குமென்று இறங்கியோர். கழிவுநீர்க் குழிச் சாவு ஒவ்வொன்றுக்கும் பத்திலக்கம் உருபா இழப்பீடு தருக என்று உச்சமுறைமன்றம் 2014 மார்ச்சு 27 அன்று தீர்ப்பளித்தது. 2023 அக்தோபர் 20 அன்று அதை முப்பதிலக்கமாக உயர்த்தியது. விலை உயர்ந்தது. குழிக்கு மேலே கணக்குப் பார்ப்போரின் தொகை உயர்ந்ததாகத் தெரியவில்லை.

அளத்தல் என்பதிலும் ஒரு நுட்பம் உண்டு. காலையில் ஒருமுறை அளந்து சான்றெழுதி, உச்சிப்பொழுதில் ஆளை இறக்குவது அளத்தல் ஆகாது. சேற்றைக் கிளறக் கிளறப் புதிய வளி எழுமாதலின், ஆள் உள்ளிருக்கும் நேரமெல்லாம் கருவியும் உள்ளிருக்கவேண்டும். ஊதியால் தூய காற்றைச் செலுத்தும்போதும் குழியின் கொள்ளளவு காற்று ஒருமுறை புகுந்தால் நஞ்சு முழுதும் நீங்கிவிடும் என்று எண்ணுவது பிழை. புதுக்காற்றும் பழங்காற்றும் மயங்கியே வெளியேறும். நூறு கீழ்முந்திரியை ஒன்றாகக் குறைக்கக் குழியின் கொள்ளளவைப்போல் நாலரை மடங்குக்கு மேற்பட்ட காற்றுப் புகவேண்டும். அதுவும் புதிதாக நஞ்சு ஊறாதிருந்தால்.

இனி மொழிக்கு வருவோம். இக் கணக்கைத் தமிழிற் சொல்ல முடியுமா என்று இன்னும் கேட்போர் உளர். யாழ்ப்பாணத்து மானிப்பாயில் அமெரிக்க மருத்துவர் சாமுவேல் கிரீன் 19-ஆம் நூற்றாண்டிலேயே மருத்துவத்தைத் தமிழிற் கற்பித்தார். அவர் முயற்சியால் வேதிநூல் ஒன்று 1875-இல் தமிழில் வெளிவந்தது. அதற்குக் ‘கெமித்தம்’ என்பது போல ஆங்கிலச் சொல்லையே திரித்துப் பெயரிட்டதொன்றே குறை. 1916-இல் மறைமலையடிகள் தனித்தமிழ் நெறியைத் தொடங்கிய அதே ஆண்டிற் சேலத்தில் இராசகோபாலாச்சாரியார் முதலியோர் அறிவியற் சொற்களுக்கெனச் சங்கம் அமைத்தனர். அவர்கள் ஆக்கிய சொற்களில் வடமொழி மலிந்திருந்ததை இவ் அவையோர்க்கு எடுத்துரைக்க வேண்டியதில்லை. 1936-இற் சென்னையிற் கூடிய கலைச்சொல்லாக்க மாநாட்டிற்குத் தலைமை தாங்கியவர் விபுலாநந்த அடிகள். அறிவியற் பட்டமும் யாழ்நூலறிவும் ஒருங்கே பெற்றவர். ஈழத்து மாணவர் பல்கலைக்கழக நுழைவுக்குரிய உயர்தரத் தேர்வில் இத் தாற்றன் நெறியைத் தமிழிலேயே எழுதுகின்றனர். அவர்கள் ‘பகுதியமுக்கம்’ என்பர். இங்குப் ‘பகுதி அழுத்தம்’ என்பர். முடியுமா என்ற கேள்விக்கு நூற்றைம்பதாண்டுகளாக விடை இருக்கின்றது.

‘பகுதி’ என்ற சொல்லை வடசொல்லின் திரிபென்று சிலர் மயங்குவர். இலக்கணத்தில் முதனிலையைக் குறிக்கும் பகுதியைப் பற்றிய வழக்கு எவ்வாறாயினும், பங்கைக் குறிக்கும் பகுதி ‘பகு’ என்னும் வேரினின்று கிளைத்த தென்சொல்லே. பகுத்தல், பகிர்தல், பகல், பாதி, பால், பாத்தி என்பன எல்லாம் அவ்வேரின் கிளைகள். ஆதலாற் பகுதி அழுத்தம் என்னும் ஆட்சியிற் குற்றமில்லை. எனினும் தாற்றன் கண்ட உண்மையின் உயிர்நாடி பகுப்பிலன்று, தனிமையில் இருக்கின்றது. ஒவ்வொரு வளியும் மற்றது இல்லாதது போலவே இயங்குகின்றது என்பதே அவர் சொன்னது. உயிர்வளி போதுமான அளவு இருந்தும் நச்சுவளி கொல்வது அத்தனிமையினாற்றான். அதனாலேயே இவ்வுரையிற் ‘தனியழுத்தம்’ என்று ஆளப்பெற்றது. இரண்டில் எது நிலைப்பினும் தமிழுக்கு ஊதியமே. ஆனாற் பள்ளி வேதியியல் நூலில் ‘வளிமண்டலம்’ என்று எழுதிய கையே அடுத்த பக்கத்தில் ‘வாயு’ என்று எழுதுவதற்கு மட்டும் எக் கரணியமும் இல்லை. வளி என்னும் சொல்லைத் தொல்காப்பியர் மூச்சுக்கும் ஆண்டார், பூதத்துக்கும் ஆண்டார். அதற்கு மேல் ஒரு வடசொல் எதற்கு?

ஒரு கருத்தை மட்டும் தனித்தமிழன்பர் ஒளிவுமறைவின்றி ஏற்றல் வேண்டும். ஐதரசன் சல்பைடுக்கு நீரகக் கந்தகை என்பதா, கந்தக நீரகம் என்பதா என்று இதழ்களிற் பத்தாண்டு வழக்காடலாம், வழக்காடவும் வேண்டும். குழிவாயில் தொங்கும் பலகை அதற்குக் காத்திருக்கலாகாது. அங்கு ‘அழுகிய முட்டை நாற்ற நச்சுவளி’ என்று எழுதினால் எழுத்தறிந்த எவனும் அறிவான். தூய தமிழ் என்பது அரிய தமிழ் அன்று. பாவாணர் வேர்தேடிச் சென்றது ஏட்டுக்குள் மட்டுமன்று. உழவரும் கைத்தொழிலாளரும் வழங்கிய சொற்களையும் அவர் திரட்டினார்.

இன்னொன்று சிலர்க்குக் கசக்கும். 2015 சனவரி 31 அன்று இராணிப்பேட்டைத் தொழிற்பேட்டையில் தோற்கழிவுநீரைத் தூய்மிக்கும் பொதுநிலையத்தின் சேற்றுத்தொட்டி உடைந்து, அருகில் உறங்கிக்கொண்டிருந்த தொழிலாளர் பதின்மர் சேற்றில் அமிழ்ந்து மாண்டனர். அது வளியால் வந்த சாவன்று. ஆயின் அக் கழிவின் இயல்பை அறியாதவர்கள் அதன் நிழலிற் படுத்திருந்தனர். அவர்களுட் பெரும்பாலோர் மேற்கு வங்கத்திலிருந்து பிழைக்க வந்தோர். தமிழனுக்குத் தாய்மொழியில் இடரறிவிப்பு வேண்டும் என்று கேட்கும் இயக்கம், வங்கனுக்கு வங்கத்தில் அது வேண்டாம் என்று சொல்ல முடியாது. இந்தித் திணிப்பை எதிர்ப்பது வேறு. இந்தியன்றி வேறறியாத ஒரு கூலித்தொழிலாளி குழியிற் சாவதைப் பார்த்திருப்பது வேறு. முன்னதைச் செய்யும் உரிமை, பின்னதைச் செய்யாதவர்க்கே உண்டு.

ஆகவே இவ்வட்டாரத்துத் தமிழ் மன்றங்கள் விழா மேடைக்கு ஒதுக்கும் பணத்தில் ஒரு சிறு பங்கை, ஒரு மாவளவேனும், பலகைகளுக்குச் செலவிடலாம். எழுதவேண்டியது இவ்வளவே: ‘இக் குழியில் நச்சுவளி உண்டு. நாற்றம் நின்றால் நஞ்சு போயிற்று என்று எண்ணாதே. விளக்கு இறக்கிப் பார்க்காதே. கருவியால் அளந்து, எழுத்தில் இசைவு வாங்கி, கயிறு கட்டி இறங்கு. உள்ளே விழுந்தவனைத் தூக்க வெறுமூச்சோடு இறங்காதே, கயிற்றை இழு, ஆளைக் கூப்பிடு.’ கீழே இதே செய்தி அங்கு வேலை செய்வோரின் மொழி எதுவோ அம்மொழியில். எழுத்து நாலு விரல் உயரம் இருக்கட்டும். மாட்டவேண்டிய இடம் குழிவாய்க்கு நேர் மேலே, அலுவலறைச் சுவரிலன்று.